வேரா ஹோலோத்னயா: நான்கே ஆண்டுத் திரை வாழ்வு
(திரைப்பட அன்பர் கழகம் ஒன்றில், ‘உயிருக்கு உயிர்’ என்னும் ருஷ்ய மௌனப் படம் காட்டப்படுவதற்கு முன் நிகழ்த்திய சொற்பொழிவு)



இன்னும் சற்று நேரத்தில் இந்தத் திரையில் நீங்கள் காணவிருக்கும் படம் 1916-ஆம் ஆண்டில், உலக மகாயுத்தம் உச்சத்தில் இருந்த காலத்தில், ஜார் மன்னனுடைய ஆட்சி வீழ்வதற்கு ஓர் ஆண்டுகூட இல்லாத தறுவாயில், மாஸ்கோவில் வெளியானது. அதில் நடித்திருக்கும் ஒரு பெண்மணியைப் பற்றி நான் பேச வேண்டும் என்று கழகத்தார் பணித்தார்கள். வேரா ஹோலோத்னயா என்னும் அவர் பெயரை இந்த மண்டபத்தில் முன்னமே கேட்டவர்கள் மிகச் சிலரே இருப்பார்கள். ஆயினும் அந்நாளில் மாஸ்கோ முதல் கருங்கடல் துறைமுகங்கள் வரையில் அவர் முகம் அச்சிட்ட தபால் அட்டைகள் கடைதோறும் விற்றன. போர்முனையில் கிடந்த சிப்பாய்களுக்கும், கச்சேரிகளில் குமாஸ்தா வேலை பார்த்தவர்களுக்கும், பள்ளிக்கூடத்துப் பெண்களுக்கும் அவரை அறிமுகப்படுத்த வேண்டிய தேவையே இருந்ததில்லை. 1914-இல் முதன்முதலாகக் காமிராவுக்கு முன் நின்றவர் 1919 பிப்ரவரியில் இறந்துபோனார். அப்போது அவருக்கு வயது இருபத்தைந்து.

இவரைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் கடைசி வாக்கியத்திலிருந்துதான் ஆரம்பிக்கிறார்கள். இளமையில் மாண்ட அழகி என்றால் கதை தானே எழுந்து நடக்கத் தொடங்கிவிடுகிறது; எழுதுகிறவனுக்குச் சிரமம் இல்லை. அந்த மரணத்தைப் பற்றி நானும் சொல்லத்தான் போகிறேன். ஆனால் இந்த அம்மையார் நான்கு ஆண்டு காலம் வேலை செய்தார் என்பதையும், அந்த வேலைக்கு ஒரு முறையும் ஒழுங்கும் இருந்தன என்பதையும், அந்த முறை இன்னது என்று தெரிந்துகொண்டால் படத்தை ஏளனம் இன்றிப் பார்க்க முடியும் என்பதையும் முதலில் சொல்லிவிட விரும்புகிறேன்.

ருஷ்ய தேசத்தில் கதைப் படம் என்று ஒன்று பிறந்ததே 1908-ஆம் ஆண்டின் பிற்பகுதியில்தான். திரன்கோவ் என்னும் படப்பிடிப்பாளர் ஸ்தெங்கா ராஸின் என்ற கலகத் தலைவனுடைய சரித்திரத்தைச் சில நிமிஷங்களுக்குள் அடக்கிக் காட்டினார். அதற்கு முன்பெல்லாம் பிரெஞ்சுக் கம்பெனிகளும், பின்னர் இத்தாலிய, டேனிஷ் கம்பெனிகளும் அனுப்பிய படங்களே அங்கே ஓடின. கோஸாக் படையில் அதிகாரியாக இருந்து ஓய்வு பெற்ற அலெக்ஸாந்தர் ஹான்ஜோன்கோவ் என்பவர் சொந்தமாக ஸ்டூடியோ அமைத்து, 1911-இல் ‘செவஸ்தபோல் பாதுகாப்பு’ என்ற நீண்ட படத்தை எடுத்தபோதுதான் உள்நாட்டாராலும் இது முடியும் என்ற தைரியம் பிறந்தது. பிறகு 1914-இல் யுத்தம் மூண்டது. எல்லைகள் அடைபட்டன, வெளிநாட்டுப் படங்களின் வரத்துச் சுருங்கியது, சர்க்கார் வோட்கா விற்பனையையும் தடை செய்தார்கள். மாலை வேளையில் போக இடமின்றி, கவலையைத் தணித்துக்கொள்ள வழியின்றி இருந்த ஜனங்கள் திரளாகக் கொட்டகைகளுக்கு வந்தார்கள். கொட்டகைக்காரர்களுக்குப் படம் வேண்டியிருந்தது. படம் எடுப்பவர்களுக்கு முகங்கள் வேண்டியிருந்தன. வேராவின் திறமையை நான் குறைத்துச் சொல்லவில்லை. ஆனால் இந்தச் சந்தர்ப்பம் வாய்த்திராவிட்டால், வக்கீல் ஒருவருடைய மனைவியாக, அழகான பெண் என்று அண்டை வீட்டார் மட்டும் சொல்லிக்கொள்ளும் நிலையில் அவர் வாழ்ந்து முடித்திருப்பார் என்றே தோன்றுகிறது.

அவர் பிறந்தது 1893-இல், உக்ரேனியப் பகுதியைச் சேர்ந்த பொல்தாவா நகரில். தந்தை ஆசிரியர். குழந்தைப் பருவத்திலேயே குடும்பம் மாஸ்கோவுக்குப் பெயர்ந்தது. போல்ஷோய் நாடகசாலையின் நடனப் பள்ளியில் கொஞ்ச காலம் பயின்றார். வீட்டிலுள்ள பெரியவர்கள் அதை விரும்பாமையால் அந்தப் படிப்பு நின்றுபோயிற்று. பின்னர், வேரா கமிஸார்ஜெவ்ஸ்கயா என்ற மகா நடிகை பிரான்செஸ்காவாக நடித்த நாடகத்தைக் கண்டு, அதன் வேகம் தாங்காமல் ஜுரம் வந்து படுத்துவிட்டார் என்று அவர் குடும்பத்தார் சொல்வதுண்டு. 1910-இல் விளாதிமிர் ஹோலோத்னி என்ற இளம் வக்கீலை மணந்தார். அந்த மனிதருக்கு மோட்டார் பந்தயத்தில் அபாரப் பித்து. போர் தொடங்கியதும் கணவர் களத்துக்குப் போய்விட, கைக்குழந்தையோடு மாஸ்கோவில் தங்கிய வேரா ஸ்டூடியோக்களின் வாசலில் போய் நின்றார்.

முதலில் அவருக்குக் கிடைத்தது, விளாதிமிர் கார்தின் எடுத்த ‘அன்னா கரேனினா’ படத்தில் ஒரு சிறு வேஷம். இத்தாலிய தாதியாகச் சில கணங்கள் தோன்றி மறைகிறவள், பெயர்கூட இல்லை. நாடக மேடையில் பழுத்த நடிகர்களைக் கொண்டு இலக்கியக் கதைகளைப் படமாக்கிய ஒரு நிறுவனமே அதைத் தயாரித்தது. முன்பின் மேடை ஏறாத ஒரு பெண்ணை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று அங்கே யாருக்கும் விளங்கவில்லை. அவரை அவர்கள் தக்கவைத்துக்கொள்ளவில்லை. இந்தத் தவறு ஒரு விதத்தில் நியாயமான தவறு. மேடையை அளவுகோலாக வைத்துப் பார்த்தால் அந்தப் பெண்ணிடம் ஒன்றுமே இல்லைதான்: குரல் யாருக்கும் கேட்கப்போவதில்லை, கை கால்களை வீசி உணர்ச்சியைக் காட்டவும் அவருக்குத் தெரியாது, அகன்ற, சாம்பல் நிறக் கண்கள் இரண்டு இருந்தன, அவ்வளவே.

அந்த இரண்டு கண்களே போதும் என்று கண்டவர் யெவ்கெனி பாவர்.

பாவரைப் பற்றிச் சற்று விஸ்தாரமாகச் சொல்லாமல் மேலே போக முடியாது. மாஸ்கோ ஓவிய, சிற்ப, கட்டடக்கலைப் பள்ளியில் பயின்றவர். நெடுங்காலம் நாடகங்களுக்குக் காட்சி ஜோடனை செய்துகொண்டிருந்தவர். சினிமாவுக்கு வந்தபோது அவர் வயது நாற்பதைத் தாண்டிவிட்டது. டைரக்டராக அவர் உழைத்தது ஏறக்குறைய நான்கே ஆண்டுகள்தான் என்பது ஒரு விசித்திரமான ஒற்றுமை. அவர் படங்களில் முதலில் கண்ணில் படுவது மண்டபங்கள். தூண்களும், திரைச்சீலைகளும், மாடிப்படிகளும், செடித்தொட்டிகளும் ஒன்றன்பின் ஒன்றாக உள்வாங்கிச் செல்ல, அந்த ஆழத்தின் ஏதோ ஒரு மூலையில் ஒரு மனிதப்பிறவி தனியாக நிற்கும். ஒளியைப் பக்கவாட்டிலிருந்தும் பின்னாலிருந்தும் செலுத்தி, முகத்தில் பாதியை இருளில் விட்டுவிடுவதில் அவருக்கு அலாதியான பிரியம். இவ்வாறு இடத்தாலும் ஒளியாலும் பேசத் தெரிந்த ஒருவருக்கு, உரக்கப் பேசும் நடிகர் இடையூறாகவே இருப்பார். தான் கட்டிய மண்டபத்தில் அமைதியாக நிற்கக்கூடியவர் ஒருவர் அவருக்குத் தேவைப்பட்டார். 1915-இல், துர்கெனேவின் ‘வெற்றிக் காதலின் கீதம்’ என்ற கதையைப் படமாக்கியபோது, கதாநாயகி வேஷத்துக்கு யாரும் அறியாத வேராவைத் தேர்ந்தெடுத்தார். தாம் ஒரு புதையலைக் கண்டெடுத்துவிட்டதாகவே அவர் முதலாளி ஹான்ஜோன்கோவிடம் சொல்லி மகிழ்ந்தாராம். படம் வெளியானதும் ஜனங்களும் அப்படியே நினைத்தார்கள்.

அவர் வேராவை நடத்திய முறை கவனிக்கத்தக்கது. பெரிய உணர்ச்சிகளைக் காட்டும்படி அவரைக் கேட்பதே இல்லை. ஜன்னலருகே போய் நில், கடிதத்தைப் பிரி, அவன் பக்கம் திரும்பாதே, பிறகு திரும்பு – இப்படிச் சின்னச் சின்னச் செய்கைகளாகப் பிரித்துக் கொடுத்து, அவற்றை நிதானமாகச் செய்ய வைத்தார். துக்கம், ஆசை, அவமானம் எல்லாம் பார்ப்பவன் மனத்திலேதான் உற்பத்தியாக வேண்டும்; நடிகை அதற்கு இடம் விட்டால் போதும். மெய்ப்பாட்டைப் பற்றி இலக்கணம் வகுத்த நம் முன்னோர் உள்ளத்தில் எழுவது உடலில் தானே புலப்படுவதைத்தான் பேசினார்கள். புலப்படுத்துவதற்காக உடலைப் படாத பாடு படுத்தும் நடிப்பு வேறு ஜாதி. அந்தக் காலத்துச் சினிமாவில் நிறைந்திருந்தது அந்த இரண்டாவது ஜாதியே.

இந்த நிதானம் பாவர் ஒருவருடைய சொந்தச் சரக்கு மட்டும் அன்று. அன்றைய ருஷ்ய சினிமா முழுவதுமே பெருமையோடு கைக்கொண்ட ஒரு கொள்கை. அமெரிக்கப் படங்கள் ஓட்டமும் துரத்தலுமாகவும், வெட்டி வெட்டி ஒட்டிய துண்டுகளாகவும் வேகம் பிடித்துக்கொண்டிருந்த அதே ஆண்டுகளில், ‘ப்ரொயெக்தர்’ என்ற மாஸ்கோ சினிமாப் பத்திரிகை, நம் படம் கதையை அவசர அவசரமாகச் சொல்லி முடிப்பதற்காக எடுக்கப்படுவதல்ல, காட்சியை முழுமையாக வாழ்ந்து காட்டுவதற்காக எடுக்கப்படுவது என்ற பொருள்பட வாதாடி வந்தது. நடிகர் அசைவற்று நிற்கும் இடைவெளிதான் அங்கே நடிப்பின் உயிர். படத்தின் முடிவைப் பற்றியும் அவர்களுக்குப் பிடிவாதமான ரசனை இருந்தது. ருஷ்ய ஜனங்களுக்குச் சோகத்தில் முடியாவிட்டால் திருப்தி ஏற்படாது. அயல்நாட்டு விற்பனைக்காகச் சில படங்களுக்கு மங்களமான இன்னொரு முடிவைத் தனியாக எடுத்துச் சேர்த்தார்கள். போரில் பிள்ளைகளைப் பறிகொடுத்துக்கொண்டிருந்த ஒரு சமூகம், காசு கொடுத்து உள்ளே வந்து, இன்னும் கொஞ்சம் அழுதுவிட்டுப் போயிற்று. இதை மனோதத்துவ நிபுணர்கள் விளக்கட்டும்.

இனி, இன்றைய படத்துக்கு வருகிறேன்.

‘உயிருக்கு உயிர்’ என்ற இந்தப் படத்தின் கதை, ஜார்ஜ் ஓனே என்ற பிரெஞ்சு நாவலாசிரியருடைய ‘செர்ஜ் பனீன்’ என்னும் நாவலிலிருந்து எடுத்தது. உயர்ந்த இலக்கியம் என்று அதைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. அந்நாளில் பெரும் விற்பனை ஆன நாவல், அவ்வளவே. ஹ்ரோமோவா என்ற சீமாட்டி, கணவனை இழந்தவள், ஆலைகளுக்குச் சொந்தக்காரி. அவளுக்கு மூஸ்யா என்று சொந்த மகள் ஒருத்தி. நாத்தா என்று எடுத்து வளர்த்த மகள் ஒருத்தி. கடனில் மூழ்கிய பிரபு ஒருவன், பர்த்தின்ஸ்கி என்று பெயர், நாத்தாவைக் காதலிக்கிறான். ஆனால் வளர்ப்பு மகளுக்குச் சீதனம் இல்லை என்று தெரிந்ததும் மூஸ்யாவை மணக்கிறான். நாத்தாவை ஜூரோவ் என்ற வியாபாரி மணந்துகொள்கிறார். இரண்டு கல்யாணமும் சேர்ந்தாற்போல் நடக்கின்றன. பின்பு பழைய காதல் மறைவில் தொடர்கிறது; பிரபு சூதாடி, ஜூரோவின் கையெழுத்தைப் போட்டுக் கள்ள உண்டியல்களை எழுதுகிறான்; விஷயம் வெளிப்பட்டபோது, குடும்ப மானத்துக்கும் மகளின் வாழ்வுக்கும் அவனே எமன் என்று கண்ட மாமியார் தன் கையாலேயே அவனைச் சுட்டுக் கொன்று, துப்பாக்கியை அவன் கையில் வைத்துத் தற்கொலை போல் தோன்றச் செய்கிறாள். ருஷ்ய முடிவு என்று சொன்னேனே, இதுதான் அது.

கதை எப்படியும் போகட்டும். நீங்கள் பார்க்க வேண்டியது, ஒரே சட்டகத்துக்குள் அருகருகே நிற்கும் இரண்டு நடிப்பு முறைகளை. மூஸ்யாவாக நடிப்பவர் லீதியா கோரெனேவா. மாஸ்கோ கலை நாடக அரங்கின் நடிகை. அந்த அரங்கின் ஆசான் ஸ்தனிஸ்லாவ்ஸ்கியின் நிழலில் பயின்றவர். அவருடைய ஒவ்வொரு பார்வையிலும் ஒவ்வொரு மூச்சிலும் ஒரு தீர்மானம் இருக்கிறது. மூஸ்யா இந்தக் கணத்தில் என்ன நினைக்கிறாள் என்பதை அவர் நன்கு அறிந்து, அதை நமக்குத் தெளிவாகவும் நாகரிகமாகவும் தெரிவிக்கிறார். பக்கத்தில் நாத்தாவாக வேரா. நாத்தா என்ன நினைக்கிறாள் என்பது நமக்குத் தெரிவிக்கப்படுவதில்லை. அவள் நிற்கிறாள், கண்களைத் தாழ்த்துகிறாள், வேண்டியதைவிட ஒரு கணம் தாமதித்து நிமிர்த்துகிறாள். நியாயப்படி பார்த்தால் படம் கோரெனேவாவுக்கு உரியதாக ஆகியிருக்க வேண்டும். படித்த நடிகை அவர்தான். பரிதாபத்துக்குரிய பாத்திரமும் அவருடையதுதான். ஆனால் நம் கண் நாத்தாவிடமே போய்ப் போய் நிற்கிறது. அன்றைய ஜனங்களின் கண்ணும் அப்படித்தான் நின்றிருக்கிறது. படம் வந்த பிறகு ‘வெண்திரையின் ராணி’ என்று கொண்டாடப்பட்டவர் வேராதான்.

இது எதனால் என்று நான் யோசித்ததுண்டு. கோரெனேவா நமக்கு ஒன்றைச் சொல்லி முடித்துவிடுகிறார். சொல்லி முடித்த பிறகு அவரைப் பார்த்துக்கொண்டிருக்க நமக்குக் காரணம் இல்லை. வேராவோ சொல்லவே ஆரம்பிக்கவில்லை. எனவே நாம் காத்திருக்கிறோம். மேடையில் இந்த உபாயம் பலிக்காது. பத்தாவது வரிசையில் இருப்பவனுக்கு அந்தத் தாமதமும் தெரியாது, அந்தக் கண்ணும் தெரியாது. அதனால், அவருக்கு நடிக்கத் தெரியாது, பாவர் அவரைப் பொம்மையாக வைத்து ஆட்டினார் என்று அன்றும் சொன்னார்கள், இன்றும் சொல்கிறார்கள். அதில் பாதி உண்மை இருக்கிறது என்பது என் அபிப்பிராயம். பாவரின் கையைவிட்டு நீங்கிய பிறகு, பெருந்துயரத்தை நேரடியாகக் காட்ட வேண்டிய கட்டங்களில், கைகள் எங்கே போவது என்று தெரியாமல் தவிப்பதை அவருடைய சில காட்சிகளில் காணலாம். ஆனால் பொம்மைக்கு, தான் எப்போது திரும்ப வேண்டும் என்ற காலக்கணக்கு வராது. அந்தக் கணக்கு அவரிடம் பிறவியிலேயே இருந்தது; அல்லது தாதியின் வேஷத்திலிருந்து இந்த நாத்தா வரையில் உள்ள குறுகிய காலத்தில் அதை அவர் தேடிக் கற்றுக்கொண்டார். நடனப் பள்ளியில் கழிந்த சிறு வயது வீண் போகவில்லை என்று நினைக்க எனக்கு ஆசை.

மற்றப் படங்களிலும் அவர் ஏற்ற பாத்திரம் பெரும்பாலும் ஒரே குடும்பத்தைச் சேர்ந்தது. பாவர் எடுத்த ‘நூற்றாண்டின் பிள்ளைகள்’ என்ற படத்தில், வங்கிக் குமாஸ்தா ஒருவனுடைய மனைவி. பழைய சிநேகிதி ஒருத்தி வழியாகச் செல்வர்களின் கூட்டத்தில் அகப்பட்டுக்கொள்கிறாள். செல்வன் ஒருவன் அவளைக் கவர்ந்துகொள்ள, வேலையும் போய் மனைவியும் போன கணவன் தன்னை மாய்த்துக்கொள்கிறான். பியோத்தர் சார்டினின் எடுத்த ‘கானல்’ என்ற படத்தில், கோடீசுவரக் கிழவருக்குப் புத்தகம் வாசித்துக் காட்டும் வேலைக்குப் போன பெண், அந்த வீட்டுப் பிள்ளையிடம் மனத்தைப் பறிகொடுத்து, கடைசியில் உயிரையும் போக்கிக்கொள்கிறாள். ஏழைமையிலிருந்து செல்வத்தின் வாசல்வரை அழைத்துச் செல்லப்பட்டு, அங்கே கைவிடப்படும் பெண்: இந்த ஒரே கதையை ருஷ்ய ஜனங்கள் அலுக்காமல் பார்த்தார்கள். போர்க்காலத்தில் திடீர்ப் பணக்காரர்கள் மாஸ்கோ உணவு விடுதிகளில் ஆடிய ஆட்டத்தையும், ரொட்டிக் கடை வாசலில் வளர்ந்துகொண்டே போன வரிசைகளையும் ஒரே தெருவில் பார்த்தவர்களுக்கு அது வெறும் கதையாக இருந்திராது.

1916-இல் திமித்ரி ஹரித்தோனோவ் என்ற வியாபாரி, படங்களை விநியோகம் செய்து பொருள் சேர்த்தவர், மாஸ்கோவில் புதிதாக ஸ்டூடியோ திறந்து, கொழுத்த சம்பளம் கொடுத்து ஹான்ஜோன்கோவின் நட்சத்திரங்களைத் தம்பக்கம் இழுத்துக்கொண்டார். வேராவும், அவருடைய வழக்கமான ஜோடியான வித்தோல்த் பொலோன்ஸ்கியும், டைரக்டர் சார்டினினும் போனார்கள். விளாதிமிர் மக்ஸீமோவ், ஓஸிப் ரூனிச் என்ற நடிகர்களும் அங்கே சேர்ந்தார்கள். பாவரும் வேராவும் பிரிந்தது இப்படித்தான். மனஸ்தாபம் தேட வேண்டிய அவசியம் இல்லை, சம்பளமே போதுமான காரணம். புதிய இடத்தில் அவர் கலை வளர்ந்தது என்று சொல்ல முடியாவிட்டாலும் புகழ் வளர்ந்தது என்பதில் சந்தேகம் இல்லை. வீடுதோறும் பியானோவில் பாடப்பட்டுவந்த காதல் கீதங்களின் பெயரையே படத்துக்கு இட்டு, அந்தக் கீதத்தையே கதையாக விரித்து எடுப்பது சார்டினின் கண்ட வழி. ‘கணப்படுப்பின் அருகே’ என்ற படம் 1917-இல் அப்படி வந்தது. கொட்டகை கொள்ளாத கூட்டம். மறு ஆண்டில், சார்டினின் சினிமாவுக்கு வந்து பத்தாண்டு நிறைவதைக் கொண்டாட, ‘மௌனமாயிரு, துயரமே, மௌனமாயிரு’ என்ற படத்தில் நட்சத்திரங்கள் அனைவரையும் ஒன்றாகச் சேர்த்தார்கள். அதில் வேரா சர்க்கஸ்காரி. சார்டினினே அவளுடைய குடிகாரக் கணவனாக வருகிறார். அந்தப் படத்தின் முற்பாதி இன்றும் இருக்கிறது. அதே ஆண்டில் டால்ஸ்டாயின் ‘உயிருள்ள பிணம்’ நாடகத்தையும் படமாக்கினார்கள். ஜிப்ஸிப் பெண் மாஷாவாக வேரா நடித்தார்.

அலெக்ஸாந்தர் வெர்த்தின்ஸ்கி என்ற பாடகர், கோமாளி வேஷம் பூண்டு மெல்லிய சோகப் பாட்டுகளைப் பாடிப் பிரசித்தி பெற்றவர், இவரிடம் ஆழ்ந்த அபிமானம் வைத்திருந்தார். உயிரோடு இருக்கும் வேராவை இறந்து கிடப்பதாகப் பாவித்து அவர் ஒரு பாட்டுக் கட்டி இவருக்குக் காணிக்கையாக்கினார். இது ஆகாது என்று வேரா மனம் வருந்தியதாக வெர்த்தின்ஸ்கியே பின்னாளில் எழுதியிருக்கிறார். நம் ஊரில் இதை அறம் வைத்துப் பாடியது என்றே சொல்லியிருப்பார்கள். அந்தக் காலத்து ருஷ்யக் கலைஞர்கள் மரணத்தோடு கொஞ்சிக் குலவுவதை ஒரு நாகரிகமாகவே வைத்திருந்தார்கள்; பாவருடைய படங்களில் பாதிக்கு மேல் சவப்பெட்டியின் வாசனைதான். உண்மையான மரணம் தெருத்தெருவாக வந்தபோது அந்த நாகரிகத்துக்கு மதிப்பில்லாமற் போயிற்று.

1917 கோடையில் பாவர் போனார். கிரிமியாவில் படப்பிடிப்பின்போது கால் முறிந்து, நாற்காலியில் அமர்ந்தபடியே அடுத்த படத்தை எடுத்துக்கொண்டிருந்தவர், நிமோனியா கண்டு யால்தாவில் காலமானார். அவர் விட்டுச் சென்ற படத்தை முடித்துக் கொடுத்தவர் ஓல்கா ரஹ்மானோவா என்ற நடிகை. இன்றைய படத்தில் மாமியார் ஹ்ரோமோவாவாக வருகிறவர் அவரே. அக்டோபர்ப் புரட்சிக்குப் பின் மாஸ்கோவில் ரொட்டிக்கும் விறகுக்கும் பஞ்சம், படச்சுருளுக்கும் பஞ்சம். வெயிலும் தானியமும் உள்ள தென்திசையை நோக்கிப் படக் கம்பெனிகள் பெயர்ந்தன. 1918 கோடையில் ஹரித்தோனோவின் குழு ஒடெஸ்ஸா துறைமுகத்துக்குப் போய்ச் சேர்ந்தது. வேரா தாயையும், தங்கையையும், மகளையும் உடன் அழைத்துச் சென்றார். களத்திலிருந்து திரும்பியிருந்த கணவர் மாஸ்கோவில் தங்கினார். அந்த ஆண்டின் இறுதியில் பிரெஞ்சுப் படைகள் வந்து ஒடெஸ்ஸாவில் இறங்கின. அகதிகளும், ஒற்றர்களும், கள்ளச்சந்தைக்காரர்களும், ஐந்தாறு தேசத்துச் சிப்பாய்களும் நிறைந்திருந்த அந்த நகரத்தில் படங்களும் எடுத்தார்கள், நாடகமும் நடத்தினார்கள், தர்மக் கச்சேரிகளில் பாடவும் செய்தார்கள். 1919 ஜனவரியில் பொலோன்ஸ்கி கெட்ட உணவை உண்டு இறந்துபோனார். பிப்ரவரியில், குளிர்ந்த மண்டபம் ஒன்றில் நடந்த நிகழ்ச்சிக்குப் பிறகு, வேரா ஜுரத்தோடு வீடு திரும்பினார். உலகம் முழுவதும் கோடிக்கணக்கானவர்களை வாரிக்கொண்டு போன ஸ்பானிஷ் ஜுரம் அது. பிப்ரவரி 16-ஆம் தேதி மாலை அவர் உயிர் பிரிந்தது. கணவரும் அதே ஆண்டில் மாஸ்கோவில் மாண்டார்.

அவருடைய சவ ஊர்வலத்தை அவர் கம்பெனியாரே படம் பிடித்தார்கள். ஒடெஸ்ஸா வீதிகளில் எங்கும் தலைகளே தெரிகின்றன. திறந்த பெட்டியில் அவர் போகிறார். இந்தச் செய்திப் படம் இன்றும் கெடாமல் இருக்கிறது. உழைத்து நடித்த படங்களில் மிகப் பல அழிந்து, விரல்விட்டு எண்ணத்தக்கவையே மிஞ்சியிருக்க, அவர் ஒன்றுமே செய்யாத இந்தச் சில நிமிஷச் சுருள் பத்திரமாக இருப்பதில் எனக்குக் கோபம் உண்டு. என்றாவது மாஸ்கோவுக்குக் கொண்டு போகலாம் என்று உடலைத் தைலமிட்டு ஒடெஸ்ஸா மயானத்துக் கோவிலில் வைத்தார்கள். 1930-களில் அந்த மயானத்தையே அழித்துப் பூங்கா ஆக்கிவிட்டார்கள். கல்லறை இல்லாத இடத்தில் கட்டுக்கதை முளைக்கும் அல்லவா? வெள்ளை லில்லி மலர்க்கொத்தில் விஷம் வைத்துப் பிரெஞ்சு அதிகாரி ஒருவர் கொன்றார் என்றும், வேரா போல்ஷெவிக்குகளுக்கு உளவு சொன்னார் என்றும், அவர்களை எதிர்த்த வெள்ளைப் படையினருக்கு உளவு சொன்னார் என்றும், வேளைக்கு ஒரு விதமாகக் கதைகள் உண்டு. இருபத்தைந்து வயது அழகி இன்புளுயென்ஸாவில் சாவதை ஏற்க ஜனங்களுக்கு மனம் வருவதில்லை. ஆனால் அந்தக் குளிர்காலத்தில் அந்த நோய் அழகு பார்த்து விலகவில்லை. 1970-களின் நடுவில் நிகீத்தா மிகால்கோவ் எடுத்த ‘காதல் அடிமை’ என்ற சோவியத் படத்தின் கதாநாயகி இவருடைய சாயலில் படைக்கப்பட்டவள். எலேனா சொலோவேய் அருமையாக நடித்திருக்கிறார். ஆனால் அதில் வருவது அரசியலில் சிக்கிய பேதை நடிகை. வேரா வேலை செய்த விதம் அந்தப் படத்துக்கு வேண்டியிருக்கவில்லை.

அவர் இறந்த ஆறாவது மாதம், 1919 ஆகஸ்டு 27-இல், சினிமாத் தொழில் முழுவதையும் தேசியமயமாக்கும் ஆணையில் லெனின் கையெழுத்திட்டார். அதன் பிறகு வந்த இளைஞர்களுக்குப் பழைய நிதானம் கசந்தது. பாவரிடமே காட்சி அமைப்பாளராகத் தொழில் பழகிய லேவ் குலேஷோவ், படத்தின் உயிர் நடிகன் முகத்தில் இல்லை, துண்டுகளை ஒட்டும் வரிசையில் இருக்கிறது என்று நிரூபிக்கப் புறப்பட்டார்; மொஸ்ஜூகின் என்ற பழைய நடிகருடைய அசையாத முகத்தை ஒரு சூப்புத் தட்டுக்கும், ஒரு சவப்பெட்டிக்கும் பக்கத்தில் ஒட்டிக் காட்டி, ஜனங்கள் அதில் பசியையும் துக்கத்தையும் கண்டார்கள் என்றார். நான் இதை வேறு விதமாகவும் பார்க்கிறேன். சலனமற்ற ஒரு முகம் இருந்ததால்தானே அந்தச் சோதனை பலித்தது? முகத்தை அப்படி வைத்துக்கொள்ளப் பழகிய நடிகர்களை உண்டாக்கியது, அந்த இளைஞர்கள் பழித்த பழைய பள்ளிதான். எப்படியாயினும், ஐஸன்ஸ்டீன், புதோவ்கின் என்ற சோவியத் டைரக்டர்கள் உலகை வென்ற பிறகு, புரட்சிக்கு முந்திய ருஷ்ய சினிமா என்று ஒன்று இருந்ததையே அறிஞர்கள் மறந்துவிட்டார்கள். சுருள்கள் மட்டும் கிடங்கில் கிடந்தன. பலவற்றில் எழுத்துத் தலைப்புகள் போய், எந்தக் காட்சி எதற்கு முன் வருவது என்றுகூடத் தெரியாத நிலை. 1989-இல் இத்தாலியில் போர்தெனோனே நகரத்து மௌனப் பட விழாவில் அவற்றை வரிசையாகத் திரையிட்டபோதுதான், பாவர் என்ற பெயரை ஐரோப்பாவும் அமெரிக்காவும் புதிதாகக் கற்றுக்கொண்டன. வேரா ஹோலோத்னயாவையும் அப்போதுதான், சவ ஊர்வலத்தில் அல்லாமல், படங்களில் பார்த்தார்கள்.

விளக்கை அணைப்பதற்கு முன் இரண்டு விஷயம் சொல்லிவிட்டு உட்காருகிறேன். படம் மெதுவாகச் செல்லும். இயந்திரத்தில் கோளாறு என்று எண்ணி யாரும் இயக்குபவரைப் பார்த்துக் குரல் கொடுக்க வேண்டாம். இரட்டைக் கல்யாண விருந்து வரும்போது, தூண்கள் நிறைந்த அந்தப் பெரிய மண்டபத்தில் கூட்டத்தை எல்லாம் விட்டுவிட்டு, கோரெனேவாவையும் வேராவையும் மட்டும் மாறி மாறிக் கவனித்து வாருங்கள். நான் சொன்னது தவறு என்று உங்களுக்குத் தோன்றலாம். கோரெனேவாவே உயர்ந்த நடிகை என்று வாதிப்பவர்கள் இந்தக் கழகத்திலேயே இருவர் இருக்கிறார்கள், அவர்களோடு படம் முடிந்ததும் காபி சாப்பிட்டுக்கொண்டே சண்டை போடலாம். ஜூரோவாக வரும் தடித்த மனிதர் இவான் பெரெஸ்தியானி; அவர் பின்னால் ஜார்ஜியாவுக்குப் போய் ‘சிவப்புக் குட்டிப் பேய்கள்’ என்ற பிரசித்தமான சாகசப் படத்தை எடுத்தவர். அந்தப் படம் அடுத்த மாதம் காட்டப்படும் என்று காரியதரிசி அறிவிக்கச் சொன்னார்.